ஸ்ட்ரீமிங் ஸ்டிக்கை எந்தப் போர்ட்டில் செருகுவது? அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் வழி

கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோபாலபுரம், மீனாட்சிபுரம் என்று பாலக்காட்டுத் தமிழ் ஊர்களில் டிவிக்குப் பின்னால் எட்டிப் பார்த்தால், கோயம்புத்தூரில் இருப்பதைவிட ஒரு பெட்டி கூடுதலாக இருக்கும். மலையாளச் சேனல்களுக்கு உள்ளூர் கேபிள்காரர் கொடுத்த செட்டாப் பாக்ஸ் ஒன்று. தமிழ்ச் சேனல்களுக்காக மாடியில் டிஷ் வைத்து இறக்கிய பெட்டி இன்னொன்று. ஓணத் தள்ளுபடியில் டிவி வாங்கிய வீடு என்றால் சவுண்ட்பாரும் கூடவே வந்திருக்கும். இவ்வளவும் இடம்பிடித்த பிறகு கடைசியாக வருவது, நெட் வழியாகப் படம் காட்டும் ஸ்ட்ரீமிங் ஸ்டிக். டிவியில் இருப்பதோ இரண்டு, மூன்று எச்டிஎம்ஐ போர்ட். எது காலியோ, எதைப் பிடுங்கினால் வீட்டில் யாரும் கேட்க மாட்டார்களோ, அதில் ஸ்டிக்கைச் செருகிவிடுகிறோம்.

"படமே வரலீங்க, ஸ்டிக் போயிருச்சாட்ட இருக்குது" என்று போன் வரும் வீடுகளில் பெரும்பாலும் ஸ்டிக் நன்றாகத்தான் இருக்கிறது. அது இருக்கும் இடம்தான் சரியில்லை. எச்டிஎம்ஐ போர்ட் எல்லாம் பார்க்க ஒரே மாதிரி இருந்தாலும் எல்லாம் ஒன்றல்ல. எது எதற்கு என்று டிவி கம்பெனிக்காரர்களே ஓரத்தில் பொடி எழுத்தில் அச்சடித்திருக்கிறார்கள். ஸ்டிக்கைத் திருப்பி அனுப்புவதற்கோ புது டிவி பார்ப்பதற்கோ முன்னால், உங்கள் வீட்டில் தெரியும் அறிகுறி கீழே எது என்று பார்த்து அதன்படி செய்து பாருங்கள். காசு செலவில்லாமல் தீரும் தொல்லைகளே அதிகம்.

முதல் வேலை: பொடி எழுத்தைப் படிப்பது

டிவியை அணைத்து, சுவர் பிளக்கையும் எடுத்துவிட்டு, போன் டார்ச்சை அடித்துப் பின்புறத்தைப் பாருங்கள். சுவரில் ஒட்டி மாட்டிய டிவி என்றால் போனை இடுக்கில் நீட்டி ஒரு போட்டோ எடுத்து, அதைப் பெரிதாக்கிப் படிப்பது சுலபம்.

எச்டிஎம்ஐ போர்ட் தட்டையாக, கீழ் மூலைகள் இரண்டும் உள்ளே சரிந்து இருக்கும். ஒவ்வொன்றுக்கும் 1, 2, 3 என்று எண் உண்டு. எண்ணுக்குப் பக்கத்தில் ஏஆர்சி அல்லது இஏஆர்சி என்று இருந்தால் அது சவுண்ட்பாருக்கான இடம். எஸ்டிபி என்று இருந்தால் செட்டாப் பாக்ஸை அங்கே வைக்கச் சொல்கிறார்கள். 4கே 60 ஹெர்ட்ஸ் என்றோ எச்டிசிபி 2.2 என்றோ ஒரு போர்ட்டில் மட்டும் எழுதியிருந்தால், 4கே ஸ்டிக்குக்கு உரிய இடம் அதுதான். 4கே 120 ஹெர்ட்ஸ் என்பது விளையாட்டுப் பெட்டிகளுக்காக வைத்தது. ஸ்டிக் அதிலும் ஓடும், ஆனால் அதற்கு அவ்வளவு வேகம் தேவையில்லை. எம்எச்எல் என்பது பழைய காலத்துப் போன்களை இணைக்க வைத்தது. அதிலும் சாதாரண எச்டிஎம்ஐ வேலை நடக்கும்.

மற்றவை எல்லாம் ஸ்டிக்குக்குப் படம் காட்டாத இடங்கள். யூஎஸ்பி போர்ட் பென் டிரைவுக்கு. சதுரமாக, மூடியோடு இருக்கும் ஆப்டிகல் போர்ட் டிவியிலிருந்து சத்தம் வெளியே போகும் வழி. மஞ்சள், வெள்ளை, சிவப்பு மூன்றும் பழைய ஏவி. ஸ்டிக்கின் பக்கவாட்டில் இருக்கும் சின்ன யூஎஸ்பி வாய் கரண்டுக்கு. அதை டிவியின் யூஎஸ்பியோடு இணைத்துவிட்டு, எச்டிஎம்ஐ பக்கத்தைச் செருகாமலேயே படத்துக்குக் காத்திருக்கும் வீடுகளும் உண்டு. ஸ்டிக்குக்கு இரண்டு இணைப்பும் வேண்டும்: படத்துக்கு எச்டிஎம்ஐ, உயிருக்கு யூஎஸ்பி. எச்டிஎம்ஐ போர்ட்டிலும் 5 வோல்ட் வரும் ஒரு பின் இருக்கிறது, ஆனால் அது ஸ்டிக் மாதிரியான கருவிகளே டிவிக்குத் தர வேண்டிய மிகச் சிறிய மின்சாரம். ஸ்டிக்கை ஓட்ட அது உதவாது.

அறிகுறி: "நோ சிக்னல்" என்று மட்டும் வருகிறது

முதலில் டிவி எந்த இன்புட்டில் இருக்கிறது என்று பாருங்கள். ஸ்டிக் எச்டிஎம்ஐ 3-ல் இருக்க, டிவி 1-ல் நின்று கேபிள் பெட்டியையே தேடிக்கொண்டிருக்கும். டிவி ரிமோட்டில் சோர்ஸ் அல்லது இன்புட் பட்டனை அழுத்தினால் பட்டியல் வரும். சதுரத்துக்குள் அம்பு நுழைவது மாதிரி படம் போட்ட பட்டனும் அதேதான். வீட்டில் யாராவது முன்பு இன்புட்டுக்குப் பெயர் மாற்றி வைத்திருந்தால் எண் தெரியாது, "கேம்", "பிசி" என்று பெயர்தான் தெரியும். அப்போது பட்டியலில் உள்ள ஒவ்வொன்றையும் திறந்து சில நொடி காத்துப் பாருங்கள்.

எதிலும் வரவில்லை என்றால் ஸ்டிக்கில் சின்ன விளக்கு எரிகிறதா, தொட்டால் இளஞ்சூடு இருக்கிறதா என்று பாருங்கள். விளக்கே இல்லாத மாடலும் உண்டு, அதனால் சூடுதான் நம்பகமான அடையாளம். சில்லென்று இருந்தால் கரண்ட் வரவில்லை, அடுத்த அறிகுறிக்குப் போங்கள்.

சூடு இருந்தும் படம் இல்லை என்றால் அடுத்த போர்ட்டுக்கு மாற்றுங்கள். மாற்றும்போது டிவி, ஸ்டிக் இரண்டின் பிளக்கையும் எடுத்துவிட்டு, ஒரு நிமிடம் விட்டு, முதலில் டிவியைப் போட்டு, சரியான இன்புட்டில் நிறுத்தி, அப்புறம் ஸ்டிக்குக்குக் கரண்ட் கொடுங்கள். ஸ்டிக் விழிக்கும்போது டிவியிடம் நீ எந்த அளவுப் படம் எடுத்துக்கொள்வாய் என்று கேட்டுத்தான் படம் அனுப்பும். இந்தக் கேள்வி பதில் பாதியில் நின்றுபோனால் படமே வராது. கரண்ட் போய்ப் போய் வரும் ஆனி, ஆடி காற்றுக் காலத்தில் இது அடிக்கடி நடக்கும், ஏனென்றால் எல்லாப் பெட்டியும் ஒரே நொடியில் எழுந்து ஒன்றோடு ஒன்று பேச ஆரம்பிக்கும்.

வேறு பெரிய டிவியில் 4கே என்று அமைத்து வைத்திருந்த ஸ்டிக்கைச் சின்ன டிவிக்குக் கொண்டுவந்தாலும் திரை கறுப்பாக நிற்கலாம். ஃபயர் டிவி ஸ்டிக் என்றால் அதன் ரிமோட்டில் மேல் அம்புப் பக்கத்தையும் ரீவைண்ட் பட்டனையும் சேர்த்துப் பத்து நொடி அழுத்திப் பிடியுங்கள். ஒவ்வொரு அளவாக மாற்றிக்கொண்டே வரும். படம் தெரியும் அளவு வந்ததும் அதையே தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம்.

இன்னொன்றும் பாருங்கள். தோப்புக்குள் இருக்கும் வீடுகளில், வெகு நாள் பயன்படுத்தாத போர்ட்டுக்குள் குளவி மண் வைத்து அடைத்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். ஸ்டிக் முழுதாக உள்ளே போகாமல் நின்றால் அழுத்தித் தள்ளாதீர்கள். டார்ச் அடித்து உள்ளே பாருங்கள். மண் இருந்தால் பிளக்கை எடுத்துவிட்டு, பல் குத்தும் மரக்குச்சியால் மெதுவாக உதிர்த்து எடுங்கள். ஊசி, ஹேர்பின் எதுவும் வேண்டாம். உள்ளே இருக்கும் 19 பின்களில் ஒன்று வளைந்தாலும் அந்தப் போர்ட் முடிந்தது.

அறிகுறி: லோகோ வருகிறது, அணைகிறது, மறுபடி லோகோ வருகிறது

எனக்கு வரும் போன்களில் அதிகம் இதுதான், காரணமும் கிட்டத்தட்ட எப்போதும் ஒன்றுதான். ஸ்டிக்குக்கு டிவியின் யூஎஸ்பி போர்ட்டிலிருந்து கரண்ட் எடுத்திருப்பார்கள். ஒயர் குறைவு, சுவரில் பிளக் பாயின்ட் மிச்சம், பார்க்கவும் அழகு. ஆனால் கணக்கு ஒத்துவராது.

டிவியில் இருக்கும் சாதாரண யூஎஸ்பி 2.0 போர்ட், தரத்தின்படி 5 வோல்ட்டில் 500 மில்லி ஆம்பியர் தரும், அதாவது 2.5 வாட். ஃபயர் டிவி ஸ்டிக்கோடு வரும் அடாப்டர் 5 வாட். கூகுள் டிவியோடு வந்த 4கே குரோம்காஸ்ட்டின் அடாப்டர் 7.5 வாட். முகப்புத் திரை வரைக்கும் பாதிக் கரண்டில் தள்ளாடி வந்துவிடும். படம் ஓட ஆரம்பித்ததும் உள்ளே வேலை கூடும், வைஃபையும் முழு வீச்சில் இழுக்கும், அப்போது சரிந்து விழுந்து மறுபடி முதலிலிருந்து தொடங்கும். சில ஸ்டிக்குகள் கரண்ட் போதவில்லை என்று திரையிலேயே எழுதிக் காட்டும். அதைப் பலர் ஓகே அழுத்தித் தள்ளிவிடுகிறார்கள்.

டிவி யூஎஸ்பிக்கு இன்னொரு குறையும் உண்டு. பல டிவிகளில், டிவியை அணைத்ததும் அந்தப் போர்ட்டிலும் கரண்ட் நின்றுவிடும். ஒவ்வொரு தடவை டிவி போடும்போதும் ஸ்டிக் முதலிலிருந்து விழிக்கும், இரவில் தானாக நடக்க வேண்டிய அப்டேட்டும் நடக்காது. "டிவி போட்டால் ஸ்டிக் வர ரொம்ப நேரமாகிறது" என்ற புகாருக்கும் மருந்து இதே இடத்தில்தான் இருக்கிறது.

ஸ்டிக்கோடு வந்த அடாப்டரை, அதோடு வந்த கேபிளிலேயே சுவர் பிளக்கில் போடுங்கள். அடாப்டர் தொலைந்துவிட்டால், 5 வோல்ட் 2 ஆம்பியர் தரும் நல்ல போன் சார்ஜர் போதும். ஆம்பியர் கூடுதலாக இருந்தால் கெடுதல் இல்லை, ஸ்டிக் தனக்கு வேண்டியதைத்தான் எடுத்துக்கொள்ளும். வோல்ட் மட்டும் 5 ஆக இருக்க வேண்டும். போனோடு வந்த நாலாவது கை மாறிய, மெல்லிய நீளக் கேபிளைப் பயன்படுத்தாதீர்கள். கேபிள் மெலிசாகவும் நீளமாகவும் இருந்தால் முனைக்கு வரும்போது வோல்ட் குறைந்து, சுவர் பிளக்கில் போட்டும் அதே லோகோ வேலை நடக்கும்.

அறிகுறி: 4கே டிவி, 4கே ஸ்டிக், ஆனால் படம் சாதாரணமாகவே இருக்கிறது

பொடி எழுத்து அதிகமாக உதவும் இடம் இது. எச்டிஎம்ஐ ஒரே தரமாக இருந்ததில்லை. 2009-ல் வந்த 1.4 தரத்தில் 4கே படம் நொடிக்கு 30 ஃபிரேம் வரைதான் போகும். 2013-ல் வந்த 2.0 தரத்தில்தான் நொடிக்கு 60 ஃபிரேம், 18 கிகாபிட் வேகம் வந்தது. 2017-ல் வந்த 2.1 அதை 48 கிகாபிட்டுக்குக் கொண்டுபோனது. போர்ட்டின் வடிவம் மட்டும் மாறவில்லை. ஒரே டிவியிலேயே ஒரு போர்ட் உயர்ந்த தரத்திலும் இன்னொன்று தாழ்ந்த தரத்திலும் இருக்கலாம். விலை குறைந்த டிவிகளிலும், 4கே புதிதாக வந்த காலத்து டிவிகளிலும் இது சகஜம்.

ஸ்டிக்கின் செட்டிங்கில் டிஸ்ப்ளே பகுதிக்குப் போய், அது இப்போது என்ன அளவில் படம் அனுப்புகிறது என்று பாருங்கள். 1080பி என்று இருந்தால் வேறு போர்ட்டுக்கு மாற்றி மறுபடி பாருங்கள். மூன்றையும் பார்த்து, எதில் 2160பி 60, அதாவது 4கே 60, வருகிறதோ அதையே ஸ்டிக்குக்கு ஒதுக்கி, அங்கே இருந்த கேபிள் பெட்டியை வேறு இடத்துக்கு மாற்றிவிடுங்கள். சாதாரணக் கேபிள் பெட்டி அனுப்புவது 1080 வரைக்கும்தான். உயர்ந்த போர்ட்டில் அது உட்கார்ந்திருப்பதில் யாருக்கும் லாபமில்லை. பெட்டி பத்து வருஷமாக அங்கேதான் இருக்கிறது என்பது அதை அங்கேயே விட ஒரு காரணம் அல்ல.

போர்ட் சரியாக இருந்தும் 4கே வராமலோ, 4கே வந்தும் எச்டிஆர் நிறம் வராமலோ இருந்தால், டிவிக்குள் ஒரு பூட்டு இருக்கிறது. பல டிவிகள் உயர்ந்த வேகத்தை ஆரம்பத்தில் அணைத்தே வைத்திருக்கும், போர்ட் போர்ட்டாக நாம்தான் திறக்க வேண்டும். சாம்சங்கில் "இன்புட் சிக்னல் பிளஸ்", எல்ஜியில் "எச்டிஎம்ஐ அல்ட்ரா எச்டி டீப் கலர்", சோனியில் "எச்டிஎம்ஐ சிக்னல் ஃபார்மட்" என்ற இடத்தில் "என்ஹான்ஸ்டு". இன்னும் சில டிவிகளில் "எச்டிஎம்ஐ 1.4 / 2.0" என்று நேரடியாகவே கேட்கும், 2.0 கொடுங்கள். ஸ்டிக் இருக்கும் போர்ட்டுக்கு மட்டும் இதை மாற்றினால் போதும். எல்லாவற்றுக்கும் மாற்றிவிட்டால் சில பழைய செட்டாப் பாக்ஸ்கள் அந்த மொழி புரியாமல் படம் காட்டுவதை நிறுத்திவிடும், அப்புறம் வீட்டில் சாயந்திர சீரியல் நேரத்தில் உங்களைத்தான் கேட்பார்கள்.

இவ்வளவு செய்தும் இல்லை என்றால் நீங்கள் கட்டும் சந்தாவையும் பாருங்கள். ஸ்டிக், டிவி இரண்டும் 4கே ஆக இருந்தாலும், சில ஓடிடி நிறுவனங்கள் மேல்தட்டுத் திட்டத்தில் மட்டுமே 4கே தருகின்றன. இதற்குப் போர்ட்டைக் குறை சொல்ல முடியாது.

4கே ஸ்டிக்கைப் பழைய எச்டி டிவியில் போடலாமா என்றும் கேட்கிறார்கள். தாராளமாகப் போடலாம். டிவி தாங்கும் அளவுக்கு அது தானே இறங்கிக்கொள்ளும்.

அறிகுறி: மெனு தெரிகிறது, படத்தைப் போட்டால் கறுப்பு அல்லது பிழைச் செய்தி

மெனு, யூடியூப் எல்லாம் ஓடும். காசு கட்டிப் பார்க்கும் செயலியில் படத்தை அழுத்தினால் மட்டும் திரை கறுத்துவிடும், சில சமயம் சத்தம் மட்டும் கேட்கும். எச்டிசிபி என்ற காப்புரிமைப் பூட்டு இப்படித்தான் காட்டும். 4கே படங்களுக்குப் பெரும்பாலும் அதன் 2.2 பதிப்பு வேண்டும். ஆரம்பகால 4கே டிவிகளில் எல்லாப் போர்ட்டிலும் அது இருக்காது, ஒன்றில் மட்டும் இருக்கலாம். பொடி எழுத்தில் எச்டிசிபி 2.2 தேடுங்கள், ஸ்டிக்கை அங்கே மாற்றுங்கள்.

ஒரு போர்ட்டை மூன்றாக்கும் எச்டிஎம்ஐ ஸ்விட்ச், ஸ்ப்ளிட்டர், பழைய சவுண்ட்பார் என்று நடுவில் எதுவாவது இருந்தால் அதைக் கழற்றிவிட்டு, ஸ்டிக்கை நேராக டிவியில் செருகிப் பாருங்கள். சங்கிலியில் ஒரு பொருள் பழையதாக இருந்தாலும் பூட்டு திறக்காது. நேராகச் செருகியதும் ஓடினால், குற்றம் நடுவில் இருந்ததன் மீது.

அறிகுறி: படம் இருக்கிறது, சத்தம் இல்லை, சவுண்ட்பார் வாயைத் திறக்கவில்லை

சவுண்ட்பார் இல்லாத வீடு என்றால் வேலை சுலபம். ஸ்டிக் டால்பி சத்தம் அனுப்புகிறது, டிவிக்கு அதைப் பிரிக்கத் தெரியவில்லை. ஸ்டிக் செட்டிங்கில் ஆடியோ பகுதிக்குப் போய், சரவுண்ட் சவுண்டை பிசிஎம் அல்லது ஸ்டீரியோ என்று மாற்றுங்கள். உடனே சத்தம் வரும்.

சவுண்ட்பார் இருக்கும் வீட்டில் கேள்வி வேறு: ஏஆர்சி போர்ட்டில் யார் இருக்கிறார்கள்? சாதாரண எச்டிஎம்ஐ போர்ட்டில் படமும் சத்தமும் டிவிக்குள் வரும், அவ்வளவுதான். ஏஆர்சி போர்ட்டில் மட்டும்தான் சத்தம் டிவியிலிருந்து திரும்பி வெளியே போகும். மூன்று போர்ட்டில் ஒன்றுக்குத்தான் அந்த வழி. அதில் ஸ்டிக்கைச் செருகினால் ஸ்டிக் நன்றாகவே ஓடும், அதனால்தான் யாருக்கும் சந்தேகம் வருவதில்லை. ஆனால் சவுண்ட்பாருக்குப் போக வழி அடைபட்டுவிடும். ஸ்டிக்கை எடுத்து வேறு போர்ட்டுக்கு மாற்றி, ஏஆர்சியைச் சவுண்ட்பாருக்கே விடுங்கள். சவுண்ட்பார் பக்கத்திலும் ஏஆர்சி என்றோ டிவி அவுட் என்றோ எழுதிய வாயில்தான் கேபிளின் மறுமுனை போக வேண்டும். இன் என்று எழுதியதில் போட்டால் பயனில்லை.

அப்புறம் டிவி செட்டிங்கில் ஒலி வெளியீட்டை டிவி ஸ்பீக்கரிலிருந்து ஏஆர்சிக்கு மாற்றுங்கள். எச்டிஎம்ஐ வழியாகக் கருவிகள் ஒன்றுக்கொன்று கட்டளை கொடுத்துக்கொள்ளும் சிஇசி என்ற வசதியும் திறந்திருக்க வேண்டும், பல டிவிகளில் அது இல்லாமல் ஏஆர்சி வேலை செய்யாது. கம்பெனிக்கு ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள்: சாம்சங்கில் எனிநெட் பிளஸ், எல்ஜியில் சிம்ப்ளிங்க், சோனியில் பிராவியா சிங்க்.

இஏஆர்சி இல்லாத டிவியில் டால்பி அட்மாஸ் கிடைக்காது என்று சொல்லி விற்பனையாளர் விலை கூடிய டிவிக்குத் தள்ளுவார். ஓடிடி செயலிகளில் வரும் அட்மாஸ், டால்பி டிஜிட்டல் பிளஸ் என்ற சுருக்கிய வடிவில் வருவது. அட்மாஸை அனுப்பத் தெரிந்த டிவியாக இருந்தால் சாதாரண ஏஆர்சியே அதைச் சுமக்கும். இஏஆர்சி உண்மையில் தேவைப்படுவது புளூரே தட்டில் வரும் தரம் குறையாத ஒலிக்கு. ஸ்டிக்குக்காக மட்டும் அந்தக் காசைக் கொடுக்க வேண்டாம். ஆப்டிகல் ஒயரில் போட்ட சவுண்ட்பாருக்கு மட்டும் அட்மாஸ் போகாது, 5.1 வரைக்கும்தான்.

அறிகுறி: டிவி தானாக மாறுகிறது, தானாக எழுகிறது

மலையாளச் செய்தி ஓடிக்கொண்டிருக்கும்போது திடீரென்று ஸ்டிக்கின் திரை வந்து நிற்கும். இதுவும் சிஇசி செய்யும் வேலைதான். ஸ்டிக் ஏதோ காரணத்துக்காக விழித்தால், நான்தான் இப்போது ஓடுகிறேன் என்று டிவியிடம் சொல்லிவிடும், டிவியும் இன்புட்டை மாற்றிவிடும். போர்ட் மாற்றினால் இது தீராது, ஏனென்றால் சிஇசி கம்பி எல்லாப் போர்ட்டுக்கும் பொதுவாகத்தான் போகிறது. சவுண்ட்பார் இருந்தால் டிவியில் சிஇசியை அணைக்காதீர்கள், சத்தம் போய்விடும். ஸ்டிக்கின் செட்டிங்கிலோ செட்டாப் பாக்ஸின் செட்டிங்கிலோ மட்டும் அணையுங்கள்.

அறிகுறி: ஓரம் வெட்டுப்படுகிறது, வெள்ளைப் புள்ளி மினுக்குகிறது

சப்டைட்டிலின் கீழ்ப்பாதி திரைக்கு வெளியே போனால் டிவியின் படம் காட்டும் அளவில் "ஃபிட் டு ஸ்கிரீன்", "ஜஸ்ட் ஸ்கேன்", "ஃபுல் பிக்சல்" என்று இருப்பதைத் தேர்ந்தெடுங்கள். போர்ட்டுக்கு போர்ட் இது தனித்தனியாகச் சேமிக்கப்படும், அதனால் ஸ்டிக்கை இடம் மாற்றியதும் மறுபடி ஒருமுறை செய்ய வேண்டிவரும். புள்ளி மினுக்கினால், படம் ஒரு நொடி கறுத்துக் கறுத்து வந்தால், நீட்டிப்புக் கேபிளைச் சந்தேகப்படுங்கள். ஐந்து மீட்டருக்கு மேல் சாதாரணக் கேபிள் 4கே 60-ஐச் சுமக்கத் திணறும்.

அறிகுறி: போனில் நெட் பறக்கிறது, ஸ்டிக்கில் சுற்றிக்கொண்டே இருக்கிறது

டிவிக்கு நேர் பின்னால், உலோகத் தகட்டை ஒட்டிய போர்ட்டில் ஸ்டிக் இருந்தால் வைஃபை பாதியாகிவிடும். பக்கவாட்டில் திறந்திருக்கும் போர்ட் ஒன்று இருந்தால் அதற்கு மாற்றுங்கள். இல்லையென்றால் ஸ்டிக் பெட்டிக்குள் ஒரு சாண் நீளத்தில் கறுப்பாக ஒரு எச்டிஎம்ஐ ஒயர் கொடுத்திருப்பார்கள், அதைக் குப்பையில் போடாமல் எடுத்து மாட்டி, ஸ்டிக்கை டிவியின் விளிம்புக்கு வெளியே தொங்கவிடுங்கள். சூடும் குறையும்.

அறிகுறி: டிவியில் எச்டிஎம்ஐ போர்ட்டே இல்லை

பாட்டி அறையில் பழைய குண்டு டிவி நன்றாக ஓடிக்கொண்டிருக்கும், அதில் ஸ்டிக் போட்டுத் தரக் கேட்பார்கள். மஞ்சள், வெள்ளை, சிவப்பு போர்ட் இருந்தால் செய்யலாம். கடையில் ஒரு மாற்றுப்பெட்டி வாங்க வேண்டும். இங்கேதான் பெரும்பாலானவர்கள் காசை வீணாக்குகிறார்கள். எச்டிஎம்ஐயை ஏவியாக மாற்றுவது ஒரு பெட்டி, ஏவியை எச்டிஎம்ஐயாக மாற்றுவது வேறு பெட்டி. இரண்டும் ஒரே அளவு, ஒரே நிறம். ஒன்று இன்னொன்றின் வேலையைச் செய்யாது. உங்களுக்கு வேண்டியது எச்டிஎம்ஐ உள்ளே, ஏவி வெளியே. பெட்டியின் மேல் இன், அவுட் என்று எழுதியிருப்பதைக் கடையிலேயே படித்துவிட்டு வாங்குங்கள். அதற்கும் தனியாக யூஎஸ்பி கரண்ட் வேண்டும்.

மாட்டியதும் படம் கறுப்பு வெள்ளையாகவோ உருண்டுகொண்டோ வந்தால், அந்தப் பெட்டியின் பக்கத்தில் பால் (PAL), என்டிஎஸ்சி (NTSC) என்று ஒரு சின்ன ஸ்விட்ச் இருக்கும், பால் பக்கம் தள்ளுங்கள். நம் நாட்டு டிவிகளின் முறை அது. படம் தெளிவாக இருக்கும் என்று மட்டும் எதிர்பார்க்காதீர்கள், பொடி எழுத்துகள் குழையும். பாட்டி பழைய படமும் பாட்டும் பார்க்க அது போதும்.

அறிகுறி: இடி இடித்த மறுநாள் ஒரு போர்ட் மட்டும் செத்துவிட்டது

ஐப்பசியில் துலாவர்ஷம் தொடங்கினால் சாயந்திரம் ஆனதும் இடி மின்னல்தான். சித்திரை, வைகாசி கோடை மழையிலும் அதே கதை. இடி கேட்டதும் டிவி பிளக்கை எடுக்கும் பழக்கம் இங்கே எல்லா வீட்டிலும் உண்டு. ஆனால் டிஷ்ஷிலிருந்து இறங்கும் ஒயரையும் கேபிள்காரரின் ஒயரையும் யாரும் எடுப்பதில்லை. மின்னலின் அதிர்ச்சி அந்த ஒயர் வழியாகப் பெட்டிக்குள் வந்து, அங்கிருந்து எச்டிஎம்ஐ வழியாக டிவிக்குள் நுழையும். பெட்டி பிழைத்துக்கொள்ளும், டிவியின் அந்த ஒரு போர்ட் மட்டும் போகும். சில சமயம் பக்கத்துப் போர்ட்டும் சேர்ந்து போகும்.

நேற்று வரை ஓடிய போர்ட் இன்று எந்தக் கருவியோடும் பேசவில்லை என்றால், ஸ்டிக்கை வேறு டிவியில் செருகிப் பாருங்கள். அங்கே ஓடினால் உங்கள் டிவியின் போர்ட் போய்விட்டது. மெயின் போர்டைப் பழுதுபார்க்கும் செலவைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள், மற்றப் போர்ட்டுகள் உயிரோடு இருந்தால் அவசரமில்லை. மிச்சம் இருக்கும் போர்ட்டுகளில் முதலில் ஏஆர்சியைச் சவுண்ட்பாருக்கும், 4கே 60 எழுதியதை ஸ்டிக்குக்கும் கொடுங்கள். இன்னும் ஒரு போர்ட் மிஞ்சினால், கேபிள் பெட்டி, டிஷ் பெட்டி இரண்டையும் அதில் ஒரு சாதாரண எச்டிஎம்ஐ ஸ்விட்ச் வைத்துச் சேர்த்துவிடலாம். அவை 4கே அனுப்புவதில்லை என்பதால் விலை குறைந்த ஸ்விட்ச்சே போதும். அதற்கும் இடமில்லை என்றால் டிஷ் பெட்டியை மஞ்சள் வெள்ளை சிவப்புக்கு இறக்குங்கள். பழைய பெட்டிகளில் அந்த வாய் இருக்கும்.

புது டிவி வாங்கியவர்கள் இந்த ஐப்பசிக்கு முன்பே, டிஷ் ஒயரைக் கையால் திருகிக் கழற்றும் இடத்தை வீட்டில் எல்லோருக்கும் காட்டிவிடுங்கள். வானம் இருட்டும்போதே, இடி நெருங்கும் முன்பே, பிளக்கோடு சேர்த்து அதையும் கழற்றுங்கள். மின்னல் தலைக்கு மேல் வந்தபின் எந்த ஒயரையும் தொட வேண்டாம், டிவி போனால் போகட்டும்.